பாரிஸ் 1923, தாம்பரம் இன்று: மாணவர் உலக விளையாட்டு ஏன் நம் பக்கம் வரவில்லை?

கிண்டியைத் தாண்டி ஜி.எஸ்.டி. சாலையில் தெற்கே போனால் பல்லாவரத்தில் வேல்ஸ், தாம்பரத்தில் சென்னைக் கிறித்தவக் கல்லூரி, சேலையூரில் பாரத், வண்டலூரில் கிரசென்ட், காட்டாங்குளத்தூரில் எஸ்.ஆர்.எம். வண்டலூரில் கேளம்பாக்கம் சாலைக்குத் திரும்பினால் வி.ஐ.டி.யின் சென்னை வளாகமும், மேலக்கோட்டையூரில் தமிழ்நாடு உடற்கல்வியியல் மற்றும் விளையாட்டுப் பல்கலைக்கழகமும். பழைய மகாபலிபுரம் சாலையில் துரைப்பாக்கம் ஜெயின் கல்லூரி, சத்தியபாமா, இந்துஸ்தான், எஸ்.எஸ்.என். இவ்வளவு கல்லூரி மாணவர்களும் இவ்வளவு மைதானங்களும் இத்தனை நெருக்கமாகக் கூடிய இன்னொரு நிலப்பகுதி தமிழ்நாட்டில் அரிது.

இந்த வளாகங்களில் விளையாடும் பிள்ளைகளிடம் 'உலகப் பல்கலைக்கழக விளையாட்டுப் போட்டி' பற்றிப் பேச்சுக் கொடுத்துப் பார்த்திருக்கிறேன். ஒலிம்பிக் தெரிகிறது, ஏஷியன் கேம்ஸ் தெரிகிறது, கேலோ இந்தியாவும் தெரிகிறது. கல்லூரி மாணவர்களுக்கென்றே இரண்டு ஆண்டுக்கு ஒருமுறை ஓர் உலகப் போட்டி நடக்கிறது, அதற்கு நூறு வயதாகிறது என்றால் வியப்போடு பார்க்கிறார்கள். அவர்களுக்குச் சொல்ல வேண்டியவர்கள் சொல்லவில்லை. அந்தப் போட்டி எப்படித் தோன்றியது, அது தோன்றிய நாளில் மெட்ராஸ் எங்கே நின்றது, இன்று தாம்பரம் பக்கத்து மாணவருக்கும் அதற்கும் நடுவே என்ன தடை இருக்கிறது என்பவற்றை ஒருசேரப் பார்க்கும் முயற்சி இது.

முதல் உலகப் போர் முடிந்த கையோடு, 1919-ல், ஸ்ட்ராஸ்பர்க் நகரில் பல நாட்டு மாணவர் சங்கங்கள் கூடிச் சர்வதேச மாணவர் கூட்டமைப்பு ஒன்றை உருவாக்கின. போரில் ஒரு தலைமுறையே அழிந்திருந்தது. மிஞ்சியவர்கள் வகுப்புக்குத் திரும்பியிருந்தார்கள். அந்தக் கூட்டமைப்பில் முன்னின்றவர் ழான் பெத்திழான் என்ற பிரெஞ்சுக்காரர். நாடுகளின் மாணவர்கள் ஒரே மைதானத்தில் சந்திக்க வேண்டும் என்பது அவருடைய பிடிவாதம். 1923 மே மாதம் பாரிஸில் முதல் சர்வதேசப் பல்கலைக்கழகப் போட்டி நடந்தது. ஓட்டம், தாண்டுதல், எறிதல் என்று தடகளத்தோடுதான் தொடங்கினார்கள். அடுத்த ஆண்டு வார்சா. 1927-ல் ரோமில் நடந்தபோது நீச்சல், கால்பந்து, டென்னிஸ், வாள்வீச்சு எல்லாம் சேர்ந்து முழுமையான பல்விளையாட்டுப் போட்டியாகிவிட்டது.

1923 போட்டியிலிருந்து ஒரு மனிதரைக் கொஞ்சம் அருகில் பார்க்கலாம். சார்லி பேடக், தென் கலிஃபோர்னியாப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்தவர். 1920 ஆண்ட்வெர்ப் ஒலிம்பிக்கில் 100 மீட்டர் தங்கம் வென்று, உலகின் மிக வேகமான மனிதர் என்று பெயர் பெற்றிருந்தார். பாரிஸ் மாணவர் போட்டிக்கு அவர் போகக் கூடாது என்று அமெரிக்க அமெச்சூர் விளையாட்டுச் சங்கம் தடுத்தது. பேடக் போனார், ஓடினார். சங்கம் அவரை இடைநீக்கம் செய்தது. பிறகு தடை நீங்கி, 1924-ல் அதே பாரிஸுக்கு ஒலிம்பிக் ஓட வந்து 200 மீட்டரில் வெள்ளி வென்றார். மாணவர் போட்டியின் முதல் ஆண்டிலேயே இந்தக் கேள்வி எழுந்துவிட்டது: விளையாடும் மாணவன் எங்கே விளையாடலாம் என்று முடிவு செய்வது யார், அவனா, அவன் பெயரில் நடக்கும் அலுவலகமா? நூறு ஆண்டு கழித்து நம் நாட்டிலும் இந்தக் கேள்வியைக் கேட்க வேண்டியிருக்கிறது.

அந்த 1923-ல் மெட்ராஸ் எப்படி இருந்தது? சென்னைப் பல்கலைக்கழகத்தைத் திருத்தி அமைத்த சட்டம் அதே ஆண்டில்தான் வந்தது. கிறித்தவக் கல்லூரி அப்போது தாம்பரத்தில் இல்லை, ஜார்ஜ் டவுனில் எஸ்பிளனேடு பக்கம் நெருக்கடியான கட்டடங்களில் நடந்துகொண்டிருந்தது. இந்தப் போட்டிக்கான அழைப்பு நாடுகளின் மாணவர் சங்கங்கள் வழியாகப் போனது. ஆளப்படும் நாடாக இருந்த இந்தியாவுக்கு அந்தக் கூட்டமைப்பில் குரல் கொடுக்க அப்படி ஒரு சங்கம் இல்லை. கப்பலில் போய்வர வாரக்கணக்கில் ஆகும் காலம் வேறு.

ஆனாலும் விளையாட்டுக் கல்வியில் மெட்ராஸ் பின்தங்கி இருந்தது என்று சொல்ல முடியாது. ஹாரி க்ரோ பக் என்ற அமெரிக்கர், ஸ்பிரிங்ஃபீல்டு கல்லூரியில் பயின்றவர், 1919-ல் இங்கே வந்தார். 1920-ல் ஐந்து மாணவர்களோடு ஒய்.எம்.சி.ஏ. உடற்கல்விப் பள்ளியைத் தொடங்கினார். ஆசியாவின் முதல் உடற்கல்விக் கல்லூரி என்று பெயர் பெற்றது அதுதான். 1930-களில் சைதாப்பேட்டைக்கு அருகே, இன்றைய நந்தனத்துக்கு, இடம்பெயர்ந்தது. பாரிஸ் மாணவர் போட்டிக்கு அடுத்த ஆண்டு, 1924 பாரிஸ் ஒலிம்பிக்குக்குப் போன இந்தியத் தடகள அணியின் மேலாளர் இதே பக் துரைதான். அந்த அணியில் தடை ஓட்டம் ஓடியவர் சி.கே. லட்சுமணன், மருத்துவரான அவர் பின்னாளில் இந்தியாவின் சுகாதாரத் துறைத் தலைமை இயக்குநராக உயர்ந்தார். படிப்பும் ஓட்டமும் ஒன்றுக்கொன்று எதிரி என்று நினைக்கும் பெற்றோருக்கு அவர் வாழ்க்கை ஒன்றே போதுமான பதில்.

ஆக, மெட்ராஸிலிருந்து ஒலிம்பிக்குக்கு வழி போட ஒரு நிறுவனம் இருந்தது, ஒரு மனிதர் இருந்தார். மாணவர் போட்டிக்கு வழி போட யாருமில்லை. நம் பல்கலைக்கழக விளையாட்டு அன்று தொடங்கிய இடம் வேறு. அது மேலிருந்து, கல்லூரி முதல்வர்களும் உடற்கல்வி இயக்குநர்களும் கட்டிய ஏற்பாடு. 1925-ல் பிறந்த பல்கலைக்கழகங்களிடை வாரியம் தன் விளையாட்டு வாரியத்தை 1940-களின் தொடக்கத்தில்தான் அமைத்தது. இன்றைய இந்தியப் பல்கலைக்கழகங்கள் சங்கம், ஏ.ஐ.யு., அதன் வாரிசு. ஐரோப்பாவில் மாணவர்கள் தாங்களே கூடித் தொடங்கியதை இங்கே பல்கலைக்கழக நிர்வாகம் தன் வேலைகளில் ஒன்றாக எடுத்துக்கொண்டது. அதில் நன்மையும் உண்டு. பணம் வந்தது, ஒழுங்கு வந்தது, ஆண்டு தவறாமல் போட்டி நடந்தது. ஆனால் மாணவனின் குரல் கேட்கப்படும் இடம் எதுவும் அதில் அமையவில்லை.

தாம்பரத்தின் கதை இங்கே குறுக்கிடுகிறது. 1931-ல் கடற்கரையிலிருந்து தாம்பரம் வரை மின்சார ரயில் ஓடத் தொடங்கியது. 1937-ல் கிறித்தவக் கல்லூரி சேலையூர்க் காட்டுக்குள் 365 ஏக்கர் வளாகத்துக்குக் குடிவந்தது. விடுதிகளோடு பரந்த விளையாட்டு மைதானங்களும் அமைந்தன. அந்த மைதானத்தின் ஓரத்துப் புதர்களில் இன்றும் புள்ளிமான்கள் மேய்வதை விடிகாலையில் ஓடுகிறவர்கள் பார்க்கலாம். கல்லூரி இங்கே வந்த அதே 1937-ல் மாணவர் உலகப் போட்டி மீண்டும் பாரிஸில் நடந்தது. மறு ஆண்டு, 1938 டிசம்பரில், உலகத் திருச்சபைகளின் மிஷனரி மாநாடு தாம்பரத்தில் கூடியது. ஏறத்தாழ எழுபது நாடுகளின் பிரதிநிதிகள் இந்த வளாகத்துக்கு வந்தார்கள். உலகத்தை விருந்துக்கு அழைக்கத் தாம்பரத்துக்கு அப்போதே இடமும் மனமும் இருந்தன என்பதற்காக இதைச் சொல்கிறேன்.

மாணவர் போட்டியின் 1927-க்குப் பிந்தைய முப்பது ஆண்டு அரசியலோடு பின்னிக் கிடக்கிறது. தொடக்கத்தில் ஒதுக்கப்பட்டிருந்த ஜெர்மன் மாணவர்கள் பிறகு சேர்க்கப்பட்டு, 1930 போட்டியை ஜெர்மனியின் டார்ம்ஸ்டாட் நகரமே நடத்தியது. ஆனால் 1939 ஆகஸ்டில் போட்டி இரண்டாக உடைந்தது; மொனாக்கோவில் ஒன்று, நாஜி ஜெர்மனி வியன்னாவில் கூட்டியது இன்னொன்று. சில நாட்களில் போர் மூண்டது. போருக்குப் பின் 1947-ல் பாரிஸில் மீண்டும் கூடினார்கள், மீண்டும் பிளவு. மேற்கு நாடுகள் 1949-ல் லக்ஸம்பர்க்கைச் சேர்ந்த பால் ஷ்லைமர் தலைமையில் சர்வதேசப் பல்கலைக்கழக விளையாட்டுக் கூட்டமைப்பை அமைத்தன. அதன் சுருக்கப்பெயர் ஃபிசு. சோவியத் பக்கத்து மாணவர்கள் தனியே போட்டி நடத்தினார்கள். 1957-ல் பாரிஸில் இரு தரப்பும் ஒரே மைதானத்தில் இறங்கியது பெரிய திருப்பம்.

1959-ல் இத்தாலியின் டூரின் நகரில் பிரிமோ நெபியோலோ முன்னின்று நடத்தியபோது போட்டிக்கு 'யூனிவர்சியாட்' என்ற பெயர் வந்தது. வென்றவருக்கு அவர் நாட்டு தேசியகீதத்தை இசைக்காமல், மாணவர்கள் பொதுவில் பாடும் பழைய லத்தீன் பாட்டான 'காடியாமஸ்' இசைப்பது என்று முடிவு செய்தார்கள். பனிப்போர் உச்சத்தில் இருந்த நாளில் இது சாதாரண முடிவு அல்ல. எனக்கு இந்தப் போட்டியின் மீது மதிப்பு வந்ததற்கு முதல் காரணம் இதுவே.

இன்னொரு காரணம் பியத்ரோ மென்னியா. 1979-ல் யூனிவர்சியாட் மெக்சிகோ நகரில், கடல்மட்டத்திலிருந்து 2,200 மீட்டருக்கு மேல் நடந்தது. காற்று மெலிதான உயரம், குறுந்தூர ஓட்டக்காரருக்குச் சாதகம். இத்தாலிய மாணவர் மென்னியா 200 மீட்டரை 19.72 வினாடியில் ஓடினார். அந்த உலக சாதனை 1996 வரை, மைக்கேல் ஜான்சன் வரும் வரை, நிலைத்தது. ஒலிம்பிக்கில் நிகழாத ஒன்று ஒரு கல்லூரிப் போட்டியில் நிகழ்ந்தது. 'காலேஜ் மீட்தானே' என்று தள்ளிவிடுகிறவர்கள் இந்த ஒரு எண்ணை நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும்.

இந்தியாவின் பக்கம் பார்த்தால் கணக்கு நெடுங்காலம் மெலிந்தே இருந்தது. 1959-ல் முதலில் பங்கேற்றதிலிருந்து 2023-க்கு முன்வரை நாம் வென்றவை மொத்தம் 18 பதக்கங்கள் என்பது அந்த ஆண்டு பிரதமர் வெளியிட்ட வாழ்த்துச் செய்தியில் இருந்த எண்ணிக்கை. 2019-ல் நேப்பிள்ஸ் நகரில் ஒடிஷாவின் துத்தி சந்த் 100 மீட்டரை 11.32 வினாடியில் ஓடித் தங்கம் வென்றது தனி ஒளி. பிறகு சீனாவின் செங்டு. கொரோனாவால் 2021-லிருந்து 2023-க்குத் தள்ளிப்போன போட்டி. அங்கே 11 தங்கம், 5 வெள்ளி, 10 வெண்கலம் என 26 பதக்கங்கள், ஏழாம் இடம். அறுபது ஆண்டில் வராதது ஒரே போட்டியில் வந்தது. 2025-ல் ஜெர்மனியின் ரைன்-ரூர் பகுதியில் 12 பதக்கங்கள். மும்முறைத் தாண்டுதலில் நம் தமிழ்நாட்டின் பிரவீன் சித்திரவேல் வெள்ளி வென்றார்.

மகிழ வேண்டிய கணக்குதான். கொஞ்சம் பிரித்தும் பார்க்க வேண்டும். செங்டுவின் 26-ல் பாதிக்கு மேல் துப்பாக்கிச் சுடுதலில் வந்தவை, அடுத்தது வில்வித்தை. இரண்டும் தேசிய முகாம்களிலும் தனி அகாடமிகளிலும் வளர்ந்த விளையாட்டுகள். மனு பாக்கர் செங்டுவில் தங்கம் வென்றபோது அவர் ஏற்கெனவே ஒலிம்பிக் கண்டவர். தேசிய அணிக்காரர்களில் கல்லூரிப் பதிவு உள்ளவர்களை அனுப்பினோம், அவர்கள் வென்றார்கள். கல்லூரி விளையாட்டு வளர்ந்ததால் வந்த பதக்கங்கள் என்று இவற்றைச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

தாம்பரம் பக்கத்துக் கல்லூரிகள் எதில் வலுவாக இருக்கின்றன? வாலிபால், கபடி, பூப்பந்து, கூடைப்பந்து, டேபிள் டென்னிஸ், செஸ், தடகளம். பூப்பந்து நம் தஞ்சை மண்ணில் பிறந்தது. ஆனால் உலக மாணவர் போட்டியில் அது இல்லை. கபடி இல்லை, கோ-கோ இல்லை. அங்கே கட்டாய விளையாட்டுகளாக இருப்பவை தடகளம், நீச்சல், ஜிம்னாஸ்டிக்ஸ், ஜூடோ, வாள்வீச்சு, டேக்வாண்டோ, வாட்டர்போலோ, டேபிள் டென்னிஸ், இறகுப்பந்து, கூடைப்பந்து, வாலிபால் போன்றவை. நம் வலுவும் அங்குள்ள பட்டியலும் சந்திக்கும் இடம் வாலிபாலும் கூடைப்பந்தும் தடகளமும் டேபிள் டென்னிஸும்தான். செம்மஞ்சேரிப் பொறியியல் கல்லூரி ஒன்றில் படித்த ஜி. சத்தியன் டேபிள் டென்னிஸில் உலக வரிசைக்குப் போனார். வாள்வீச்சில் வடசென்னையின் பவானி தேவி, அந்த விளையாட்டில் ஒலிம்பிக் போன முதல் இந்தியர். ஆளும் திறமையும் இருக்கிறது, கல்லூரி மட்டத்திலிருந்து உலக மட்டத்துக்குப் போகும் படிக்கட்டுதான் நடுவில் உடைந்து கிடக்கிறது.

அந்தப் படிக்கட்டை நெருங்கிப் பார்க்கலாம். ஒரு மாணவி நீளம் தாண்டுகிறாள் என்று வையுங்கள். முதலில் கல்லூரி ஸ்போர்ட்ஸ் டே. அடுத்து இன்டர்-காலேஜ், சென்னைப் பல்கலைக்கழகக் கல்லூரியானால் டாக்டர் ஏ.எல். முதலியார் பெயரில் நடக்கும் தடகளப் போட்டி. அதில் தேறினால் பல்கலைக்கழக அணி. பிறகு தென்மண்டலம் அல்லது நேரே அகில இந்தியப் பல்கலைக்கழகப் போட்டி. அங்கே முதல் சில இடங்களுக்குள் வந்து, தேர்வுச் சோதனைக்கும் அழைக்கப்பட்டால் உலகப் போட்டி. ஒவ்வொரு படியிலும் ஒரு 'எலிஜிபிலிட்டி பாரம்'. பெயர், தந்தை பெயர், பிறந்த தேதி, பிளஸ் டூ முடித்த ஆண்டு, கோர்ஸில் சேர்ந்த தேதி, இதற்கு முன் எத்தனை முறை ஆடியிருக்கிறாள், எந்தப் பல்கலைக்கழகத்துக்காக. ஒட்டிய போட்டோவின் மேல் பாதி விழுமாறு முதல்வர் கையெழுத்து, ஃபிசிகல் டைரக்டர் கையெழுத்து, பல்கலைக்கழக முத்திரை. ஒரு தேதி மாறினால் பாரம் திரும்பி வரும். போட்டிக்கு முந்தின நாள் மாலை இந்த ஒற்றைத் தாளைக் கையில் வைத்துக்கொண்டு பிள்ளைகள் அலுவலக வராந்தாவில் நிற்பதைப் பார்க்காத ஃபிசிகல் டைரக்டர் இருக்க மாட்டார்.

அடுத்தது ஓ.டி. போட்டிக்குப் போன நாட்களை 'ஆன் டியூட்டி' என்று வருகைப் பதிவில் போட வேண்டும். விதியில் இருக்கிறது. நடைமுறையில் துறைக்குத் துறை, ஆசிரியருக்கு ஆசிரியர் மாறுகிறது. இன்டர்னல் தேர்வும் மண்டலப் போட்டியும் ஒரே வாரத்தில் விழுந்தால் மறுதேர்வு வைப்பார்களா என்பது அந்தந்த ஆசிரியரின் மனத்தைப் பொறுத்தது. ஈட்டியைத் துணியில் சுற்றி, காலை மின்சார ரயிலின் வெண்டார் பெட்டியில் சாய்த்து வைத்துக்கொண்டு பார்க் ஸ்டேஷனில் இறங்கி நேரு ஸ்டேடியத்துக்கு நடக்கிற பையனுக்கு, திரும்பி வந்ததும் அட்டெண்டன்ஸ் குறைவு என்று அபராதம் கட்டச் சொல்லும் கடிதம் காத்திருக்கும். இரண்டு அரியர் விழுந்தால் வீட்டில் ஸ்பைக்ஸ் பரணுக்குப் போய்விடும்.

தனியார் நிகர்நிலைப் பல்கலைக்கழகங்கள் இதற்கு ஒரு விடை கண்டுபிடித்தன. திறமை உள்ள பிள்ளைக்கு இலவச சீட், விடுதி, சாப்பாடு, கோச், உபகரணம். சிவகங்கை, தூத்துக்குடி, தர்மபுரிப் பக்கத்துப் பிள்ளைகள் வாலிபாலைப் பிடித்துக்கொண்டு காட்டாங்குளத்தூர் வரை வந்து பட்டம் வாங்கி, ரயில்வேயிலும் வங்கியிலும் காவல்துறையிலும் வேலைக்குப் போயிருக்கிறார்கள். இது உண்மையான நன்மை, குடும்பங்கள் நிமிர்ந்திருக்கின்றன. இந்தக் கல்வி நிலையங்களைக் குறை சொல்கிறவர்கள் அந்த வீடுகளுக்குப் போய்ப் பார்க்க வேண்டும். இருந்தாலும் ஒரு பக்கவிளைவு உண்டு. வளாகத்தில் ஆடும் பிள்ளைகள் தனி, படிக்கும் பிள்ளைகள் தனி என்று இரண்டு கூட்டம் உருவாகிவிட்டது. ஸ்போர்ட்ஸ் கோட்டாவில் வராத ஒரு கணிதத் துறை மாணவனுக்கு மாலையில் மைதானம் கிடைப்பதில்லை. அணி பயிற்சி எடுக்கிறது என்று வெளியே நிறுத்துகிறார்கள். 1923-ல் பாரிஸில் ஓடியவர்கள் படிப்புக்கு நடுவே ஓடியவர்கள். இன்று நம் அணிகளில் இருப்போர் ஆட்டத்துக்கு நடுவே பட்டம் பெறுகிறவர்கள். இரண்டில் எது நல்லது என்று வாதிடலாம். முதல் வகைக்கு நம் பக்கம் இடமே இல்லாமல் போனது நஷ்டம் என்பதில் எனக்குச் சந்தேகம் இல்லை.

வடக்கே நிலைமை கொஞ்சம் வேறு. பல்கலைக்கழகங்களின் ஒட்டுமொத்த விளையாட்டுச் சாதனைக்காக 1956-57 முதல் தரப்படும் மௌலானா அபுல் கலாம் ஆசாத் கோப்பையை அதிகமுறை எடுத்துச் சென்றவை பஞ்சாபின் பல்கலைக்கழகங்கள், குறிப்பாக அமிர்தசரஸின் குருநானக் தேவ் பல்கலைக்கழகம். அவை எல்லா விளையாட்டுக்கும் அணி வைக்கின்றன. நம் பக்கம் ஜெயிக்கக்கூடிய இரண்டு மூன்று விளையாட்டுகளில் பணத்தைக் குவித்துவிட்டு, ஜூடோவையும் வாட்டர்போலோவையும் ஜிம்னாஸ்டிக்ஸையும் பெரிதாகத் தொடுவதில்லை.

2025-ல் ரைன்-ரூரில் நடந்ததை மறைக்காமல் சொல்லியாக வேண்டும். இந்தியாவிலிருந்து 12 இறகுப்பந்து வீரர்கள் போனார்கள். அங்கே மேலாளர்கள் கூட்டத்தில் பெயர் கொடுப்பதில் நேர்ந்த குளறுபடியால் ஆறு பேர் மட்டுமே ஆட அனுமதிக்கப்பட்டார்கள். மற்ற ஆறு பேர் தேர்வுச் சோதனையில் வென்று, விசா வாங்கி, விமானம் ஏறி, இந்திய உடையோடு பார்வையாளர் வரிசையில் உட்கார்ந்திருந்தார்கள். அணி வெண்கலம் வென்றது. பிறகு விசாரணை என்று அறிவித்தார்கள், பொறுப்பாளர் ஒருவர் இடைநீக்கம் செய்யப்பட்டார். இருபது வயதில் உலகப் போட்டி வாய்ப்பு ஒருமுறைதான் வரும். வயது வரம்பு காத்திருக்காது. மாணவர் பிரதிநிதி ஒருவர், முன்னாள் வீரர் ஒருவர், அந்தக் குழுவோடு போயிருந்தால் பெயர்ப் பட்டியலை ஒருமுறை சரிபார்த்திருப்பார் என்றே நம்புகிறேன். ஐரோப்பாவிலும் அமெரிக்காவிலும் மாணவர்கள் நடத்தும் விளையாட்டுச் சங்கங்கள் எல்லாம் தவறே செய்யாதவை என்று சொல்ல வரவில்லை. ஆடுகிறவரின் கண் பாரத்தின் மேல் விழ வேண்டும் என்கிறேன்.

வசதி இல்லை என்ற சமாதானம் நம் பக்கம் எடுபடாது. 1995 டிசம்பரில் தெற்காசிய விளையாட்டுப் போட்டி சென்னையில் நடந்தது. வேளச்சேரி நீச்சல் வளாகம் அதற்காகக் கட்டியதுதான். 2022-ல் 44-வது செஸ் ஒலிம்பியாட் மாமல்லபுரத்தில் நடந்தபோது 180-க்கு மேற்பட்ட நாடுகளின் வீரர்கள் கிழக்குக் கடற்கரைச் சாலை விடுதிகளில் தங்கினார்கள். சில மாத அவகாசத்தில் அதை நடத்திக் காட்டியது இந்த மாநிலம். 2024 ஜனவரியில் கேலோ இந்தியா இளையோர் போட்டி சென்னையிலும் மதுரை, திருச்சி, கோவையிலும் நடந்தது. செம்மஞ்சேரியில் பெரிய விளையாட்டு நகரம் அமைப்பதாக அரசு அறிவித்திருக்கிறது. விளையாட்டுக்கென்றே தனிப் பல்கலைக்கழகம், 2004-ல் சட்டம் போட்டு அமைத்தது, மேலக்கோட்டையூரில் இருக்கிறது. தங்குவதற்கு விடுதி அறைகள் ஆயிரக்கணக்கில் கோடை விடுமுறையில் காலியாகக் கிடக்கின்றன.

ஆனாலும் 2020-ல் புவனேஸ்வரில் தொடங்கிய கேலோ இந்தியா பல்கலைக்கழகப் போட்டி ஒடிஷா, கர்நாடகம், உத்தரப் பிரதேசம், வடகிழக்கு, ராஜஸ்தான் என்று ஐந்து முறை நடந்திருக்கிறது. ஒருமுறை கூடத் தமிழ்நாட்டில் நடக்கவில்லை. 2013-ல் சென்னைக்கு வரவிருந்த ஆசியத் தடகளப் போட்டி, இலங்கை வீரர்கள் பங்கேற்பதை மாநில அரசு ஏற்காததால் புனேவுக்குப் போனது. ஈழத்தில் நடந்த கொடுமை மீதான அந்தக் கோபத்தின் நியாயத்தை நான் குறைத்துப் பேச மாட்டேன். ஆனால் மாணவர் உலகப் போட்டி பிறந்ததே நேற்றுவரை ஒருவரை ஒருவர் சுட்டுக்கொண்ட நாடுகளின் பிள்ளைகளை ஒரே கோட்டில் நிற்க வைக்கத்தான். யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்துத் தமிழ்ப் பிள்ளையும் இலங்கை அணியில்தான் வர முடியும் என்பதையும் நினைக்க வேண்டும். 2024 செப்டம்பரில் தெற்காசிய ஜூனியர் தடகளப் போட்டி சென்னையில் நடந்து, இலங்கைப் பிள்ளைகளும் இங்கே ஓடினார்கள். கதவு திறந்துதான் இருக்கிறது.

முழு உலகப் போட்டியை நடத்தச் சொல்லிக் கேட்கவில்லை. அதற்குப் பெரும் பணம் வேண்டும். ஆசியாவில் டோக்கியோ, பெய்ஜிங், பாங்காக், டேகு, தைபே போன்ற நகரங்களே அதைத் தாங்கின. ஃபிசு ஒற்றை விளையாட்டு உலகப் பல்கலைக்கழகப் போட்டிகளும் நடத்துகிறது. 2024 நவம்பரில் டெல்லியில் துப்பாக்கிச் சுடுதல் அப்படித்தான் நடந்தது. அதே வகையில் ஒரு விளையாட்டை, செஸ்ஸையோ கடற்கரை வாலிபாலையோ, தாம்பரத்துக்கும் மாமல்லபுரத்துக்கும் இடையே உள்ள பல்கலைக்கழகங்கள் கூட்டாகக் கேட்டு வாங்கலாம். ஒன்றுக்கொன்று விளம்பரப் பலகையில் போட்டி போடும் இந்த நிறுவனங்கள் ஒரு மேசையில் உட்கார்ந்தால் ஆகாத காரியம் இல்லை. மேலக்கோட்டையூர்ப் பல்கலைக்கழகம் முன்கை எடுப்பது பொருத்தம். உடற்கல்வி மாணவர்களுக்கே அது பெரிய செயல்முறைப் பாடமாகும்.

அதற்கு முன்பே, பணம் செலவில்லாமல் நாளைக்கே செய்யக்கூடியவை சில உண்டு. தேர்வுச் சோதனை எப்போது, எங்கே, தகுதி என்ன என்பதை ஒவ்வொரு கல்லூரியும் தமிழிலும் ஆங்கிலத்திலும் நோட்டீஸ் போர்டில் ஒட்டலாம். ஓ.டி.யையும் மறுதேர்வையும் ஆசிரியரின் தயவிலிருந்து எடுத்து எழுத்துப்பூர்வ உரிமையாக்கலாம். பல்கலைக்கழக விளையாட்டுக் குழுவில் ஆடும் மாணவர் இருவருக்கு, ஓர் ஆணுக்கும் ஒரு பெண்ணுக்கும், வாக்குரிமையோடு இடம் தரலாம். மாலையில் ஒரு மணி நேரமாவது அணியில் இல்லாத பிள்ளைகளுக்கு மைதானத்தைத் திறந்துவிடலாம். பெண்கள் விடுதிகளில் விடிகாலைப் பயிற்சிக்கு வாயில் திறக்க மறுக்கும் வழக்கத்தை நிறுத்தலாம். இந்த ஒரு காரணத்தாலேயே ஓட்டத்தை விட்ட பெண்கள் இந்தப் பக்கம் நிறையப் பேர்.

அடுத்த உலகப் பல்கலைக்கழக விளையாட்டுப் போட்டி 2027-ல் தென்கொரியாவின் சுங்சியோங் பகுதியில் நடக்கிறது. பொதுவாக 25 வயது வரை கலந்துகொள்ளலாம். முந்தைய ஆண்டு பட்டம் முடித்தவர்களுக்கும் இடம் உண்டு. தாம்பரம், காட்டாங்குளத்தூர், கேளம்பாக்கம் கல்லூரிகளில் படித்துக்கொண்டு ஓடுகிற, நீந்துகிற, பந்தடிக்கிற பிள்ளைகளே, உங்கள் ஃபிசிகல் டைரக்டரிடம் போய்த் தேர்வுச் சோதனையின் தேதியைக் கேளுங்கள். அவருக்குத் தெரியவில்லை என்றால் ஏ.ஐ.யு.வுக்கு எழுதிக் கேட்டுச் சொல்லச் சொல்லுங்கள். அதைக் கேட்கும் உரிமை உங்களுக்கு உண்டு.